கோப்பி எலி

கம்பளையிலிருந்து நுவரெலியாவை நோக்கி ஏறும் நெடுஞ்சாலையிலமைந்த புசல்லாவை இன்று தேயிலை விளையும் ஊராகவே அறியப்படுகின்றது. தேயிலைக்கு முன்னர் இம்மலைச் சாரல்களை ஆண்டது கோப்பி. றொத்சைல்ட் குடும்பத்தாருக்கு உறவினரான டி வேர்ம்ஸ் சகோதரர் 1841ஆம் ஆண்டளவில் இங்குத் திறந்த தோட்டம் அக்குடும்பத்தின் பெயரையே இன்றும் தாங்கி நிற்கின்றது. அந்நாளைய தோட்டத்துரைமார் மழைக்கும் வறட்சிக்கும் அடுத்தபடியாக அஞ்சிய பகைகளுள் ஒன்று, கையிலடங்கும் அளவினதான ஓர் எலி. கோப்பிச் செடியின் மெல்லிய கிளைகளை வெட்டி வீழ்த்தி, அவற்றின் மொட்டையும் பூவையும் தின்றமையால், அதற்குக் கோப்பி எலி என்னும் பெயர் வாய்த்தது. 1869இல் இலங்கையிற் காணப்பட்ட இலைத்துரு நோய் சில்லாண்டுகளிற் கோப்பியை அழித்தொழித்தது. பயிர் போயிற்று, எலியும் அதன் பெயரும் எஞ்சின.

விலங்கியலார் இவ்வெலியைக் கொலுண்டா எல்லியட்டி என வழங்குவர். தென்னிந்தியாவில் நெடுங்காலம் ஆட்சிப் பணியிலிருந்தவரும், அமராவதிச் சிற்பங்களை அகழ்ந்தெடுத்தவருமான வால்ற்றர் எல்லியட் என்பாரின் பெயர் இதிற் பொதிந்துள்ளது. கொலுண்டா என்பதோ கன்னட மக்கள் இவ்வெலிக்கு இட்ட பெயரின் திரிபு. கற்றோர் இலத்தீன் என மதித்து ஓதும் பெயர்களுள் நம் அயல்மொழிச் சொற்கள் இவ்வாறு ஒளிந்திருப்பதுண்டு. இலங்கையிற் பிறந்த மருத்துவரும் விலங்கியலாருமான கெலார்ட், 1850இல் நுவரெலியாவின் பெயரைச் சார்த்தி இதனை விவரித்தார். இச்சாதியில் இன்று உயிர்வாழும் இனம் இது ஒன்றே. இந்தியா, பாகிஸ்தான், நேபாளம், இலங்கை ஆகிய நாடுகளில் இது பரவி வாழ்கின்றது.

இதனை இனங்காண்பது எங்ஙனம்? வீட்டெலியை மனத்திற் கொண்டு ஒப்பிட்டால் எளிதிற் புலப்படும். வீட்டெலியின் வால் அதன் உடலினும் நீண்டது. கோப்பி எலியின் வாலோ உடலினும் குறுகியது, மயிர் படர்ந்தது. வீட்டெலியின் முகம் கூர்மையானது. இதன் முகம் குட்டையாய் மழுங்கியிருக்கும். காதுகள் வட்டமானவை, மயிரடர்ந்தவை. முதுகு மயிர் சற்றே முரடானது. மஞ்சளும் கருமையும் கலந்து புள்ளியிட்டாற் போலத் தோன்றுவது. காய்ந்த புல்லின் நடுவே அசையாதிருந்தால் அருகில் நிற்பவர் கண்ணுக்கும் அது அகப்படாது. ஐயத்தை முற்றாக நீக்கும் அடையாளம் வாயினுள் இருக்கின்றது. மேல்தாடையின் வெட்டும் பல் ஒவ்வொன்றிலும் மேலிருந்து கீழாக ஒரு பள்ளக்கோடு ஓடும். வீட்டெலியின் பல்லில் அது கிடையாது. இறந்து கிடக்கும் எலியின் பல்லைப் பார்க்க விரும்பும் மாணவர் கையால் தொடாது குச்சியாற் பார்த்தல் வேண்டும்.

உயிருள்ள எலியைக் காண்பதைவிட அதன் சுவடுகளைக் காண்பதே எளிது. மானாப்புல்லும் புதரும் மண்டிய சரிவுகளிலே, புல்லின் அடியில் ஒடுங்கிய நடைபாதைகள் தெரியும். ஒரே தடத்தில் நாள்தோறும் சென்று வருதலால், அத்தடத்திற் புல் அமிழ்ந்து சிறு சுரங்கம் போலாகிவிடும். புற்களையும் நார்களையும் உருட்டி, ஏறத்தாழ ஒரு சாண் குறுக்களவுள்ள கூட்டைப் புதரினுள், தரைக்குச் சற்று மேலாக, இது அமைத்துக் கொள்ளும். பார்ப்பவர் குருவிக்கூடு என்றே எண்ணுவர். சில வேளைகளில் வளையிலும் வாழும். ஓட்டத்தில் இது வீட்டெலிக்கு ஈடாகாது, மந்தமானது. காலையிலும் மாலையிலும் வெளிப்பட்டு இரை தேடும். இதன் முதன்மையான உணவு அறுகம்புல்லின் தண்டும் வேருமாம். பிள்ளையாருக்கு உகந்த புல்லை அவருடைய ஊர்தியின் உறவினம் உண்பதில் வியப்பொன்றுமில்லை எனச் சுவைபடக் கூறுவாரும் இருப்பர்.

ஆயின் புல்லுண்டு வாழும் மந்தமான இவ்வெலியா கோப்பித் தோட்டங்களைப் படையெடுத்து அழித்தது என்னும் வினா இங்கு எழுகின்றது. 1845 முதல் 1850 வரை இலங்கைக் குடியேற்றநாட்டுச் செயலாளராயிருந்த சேர் எமர்சன் ரெனன்ற், 1859இல் வெளியிட்ட தமது நூலில் இதனை விரித்துரைத்தார். கோப்பி எலிகள் காடுகளில் மரவேர்களிடையே கூடமைத்து வாழ்வன என்றும், வழக்கமான உணவு அருகும் காலத்தில், நோர்வேயின் லெமிங் எலிகளைப் போலத் திரள்திரளாக இடம்பெயர்ந்து தோட்டங்களிற் புகும் என்றும், ஒரே தோட்டத்தில் ஒரு நாளில் ஆயிரம் எலிகள் வரை கொல்லப்பட்டதுண்டு என்றும் அவர் எழுதினார். மலைக்காட்டு உணவைப் பற்றிப் பேசுகையில் நெலு என்னும் செடியை மறத்தலாகாது. தமிழர் குறிஞ்சி என்று போற்றும் செடியின் இனத்தைச் சேர்ந்த இது, ஏறத்தாழ 12 ஆண்டுகளுக்கொருமுறை ஒருசேரப் பூத்து, விதைத்து, மடியும். விதை மிகுந்த காலத்தில் எலிகள் பெருகும். விதை தீர்ந்தபின் பெருகிய கூட்டம் பசியால் வெளியேறும்.

காட்டு மரவேரடியில் வாழ்வதாக ரெனன்ற் கூறியதையும், புல்வெளிப் புதரிற் கூடமைப்பதாகப் பிற்கால விலங்கியலார் கண்டதையும் அருகருகே வைத்து நோக்கின், இரண்டும் ஓர் எலியின் வாழ்க்கையாகத் தோன்றவில்லை. மலைக்காட்டில் வேறு எலிகளும் உள. 1932இல் பிலிப்ஸ் என்பார் விவரித்த ராற்றஸ் மொன்ரானஸ், நெலு எலி என்றே அழைக்கப்படுகின்றது. தோட்டத்தை அழித்த கூட்டம் ஒன்றுக்கு மேற்பட்ட இனங்களாலாகியிருத்தல் கூடும் என்று கொள்வதே பொருத்தமாகும். இழப்பைக் கணக்கிட்ட துரைமாருக்குச் செத்துக் கிடந்த எலிகளின் பற்களைச் சோதிக்கும் தேவை இருக்கவில்லை. எல்லாம் கோப்பி எலியாயின.

ரெனன்ற் கூறிய இன்னொரு செய்தியும் மலையகத் தமிழர் கருதத்தக்கது. தென்னிந்தியாவிலிருந்து வந்த தொழிலாளர் இவ்வெலி இறைச்சியைப் பெரிதும் விரும்பியமையால், எலி மிகுந்த தோட்டங்களையே நாடிச் சென்றனர் என்றும், எண்ணெயிற் பொரித்தும் கறியாக்கியும் உண்டனர் என்றும் அவர் எழுதினார். வயலெலியை உண்ணும் வழக்கம் தமிழ்நாட்டிற் சிலரிடையே உள்ளதே; அதனை மறைத்து நாணுவதற்கு யாதுமில்லை. ஆனால் மன்னாரிலிருந்து மாத்தளை வரை காட்டுவழியே கால்நடையாக வந்து, வழியிற் பலரைப் பறிகொடுத்து, அரிசிக்குக் கங்காணியின் கையை எதிர்பார்த்து நின்ற மக்கள், கிடைத்த இறைச்சியைத் தேடியதற்குச் சுவை மட்டுமே காரணமெனக் கொள்ளுதல் இயலாது. விருப்பம் என்ற சொல்லைப் பசி என்ற சொல்லால் மாற்றிப் படிப்பின், அப்பகுதி வேறொரு வரலாறாகின்றது.

இன்று இனங்காணும் அறிவு வேண்டப்படுவது நோயின் பொருட்டு. 1993இல் அமெரிக்காவின் தென்மேற்கு மாநிலங்களில் மக்கள் மூச்சுத் திணறி இறந்தபோது, காரணமான ஹன்ரா வைரஸ் அங்குள்ள மான் எலியால் பரவியது எனக் கண்டறியப்பட்டது. முதுகு பழுப்பு, வயிறு வெண்மை, வால் மேலே கருமை கீழே வெண்மை என்னும் அதன் அடையாளங்களை அங்குள்ளோர் கற்கலாயினர். அவ்வடையாளங்களை நினைவூட்டும் எலி ஒன்று இலங்கை மலைக்காட்டிலும் உண்டு. 1929இல் பிலிப்ஸ் விவரித்த ஒஹிய எலியே அது. அதற்கும் மான் எலிக்கும் உறவு நெருக்கமன்று. தோற்ற ஒற்றுமையே உண்டு. உலகில் வேறெங்கும் காணப்படாத அவ்வெலி, வீடுகளை நாடாது காட்டிலேயே ஒடுங்கி வாழ்வது. வெண்மையான வயிற்றைக் கண்டவுடன் அஞ்சிக் கொல்வது அறியாமையாகும்.

ஹன்ரா வகை வைரஸ்களுள் முதன்முதலாகப் பிரித்தெடுக்கப்பட்டது வேலூர்த் தோட்டப்பாளையத்தில், 1964இல், ஒரு மூஞ்சூற்றிலிருந்து என்பதும் ஈண்டுக் கூறத்தக்கது. மூஞ்சூறு எலியே அன்று. நீண்டு குவிந்த மூக்கும், சிறு கண்ணும், கத்தூரி போன்ற நாற்றமும் உடைய அது, பூச்சிகளைத் தின்னும் வேறொரு வருணத்தைச் சேர்ந்தது. கரப்பானையும் தின்னும் அதனை எலியென்று அடிப்பவர் தமக்கு உதவும் உயிரைக் கொல்கின்றனர். எனினும் அதனைக் கையாற் பிடித்தலும் தகாது.

மலையக மக்களை உண்மையில் வருத்துவது எலிக்காய்ச்சல். எலியின் சிறுநீர் கலந்த நீரிலும் சேற்றிலும் உள்ள நுண்ணுயிர், காலிலுள்ள வெடிப்பு வழியாகவும் கீறல் வழியாகவும் உடலுட் புகும். 2008ஆம் ஆண்டில் மட்டும் இலங்கையில் 7,000க்கு மேற்பட்டோர் இந்நோய் கண்டவராக ஐயுறப்பட்டனர். வயலெலியும் காட்டெலியும் இந்நுண்ணுயிரைத் தாங்குவதுண்டு. எனினும் லயத்தின் வடிகாலிலும் கூரையிலும் மக்களோடு மக்களாய்த் திரிவன வீட்டெலியும் பெருச்சாளியுமே. மூடாத குப்பையும், ஓடாத வடிகாலும், ஓட்டையுள்ள கூரையும் இருக்கும்வரை, புல்வெளியில் நஞ்சு வைப்பதனால் லயத்தில் ஓர் எலியும் குறைவதில்லை. நஞ்சுண்டு தள்ளாடும் எலியைப் பற்றித் தின்னும் கூகை மடிவதே கண்ட பயன். கூகையோ ஓரிரவிற் பல எலிகளைக் கொள்வது.

தேயிலை வந்தபின் கோப்பி எலியைப் பற்றிய முறையீடு அடங்கிற்று. கொழுந்து கிள்ளப்படும் செடியில் அதற்குப் பூவுமில்லை, மொட்டுமில்லை. தேயிலை ஏறாத சரிவுகளிலும், தோட்டங்களுக்கிடையே எஞ்சிய மானாப்புல் வெளிகளிலும் அது ஒதுங்கிக்கொண்டது. மலைநாட்டுப் புல்வெளிகள் பலவற்றில் பின்னர்ப் பைனஸ் மரமும் யூக்கலிப்டஸ் மரமும் நடப்பட்டன. பைனஸின் உதிர்ந்த ஊசியிலைகள் படிந்த தரையில் புல் நன்கு முளைப்பதில்லை. புல்லடியிலோடும் அந்த ஒடுங்கிய பாதைகளையும், குருவிக்கூடு போன்ற உருண்டைக் கூட்டையும் காண விரும்புவோர் மரம் நடாத சரிவுகளையே தேடிச் செல்லல் வேண்டும்.