381 நாள் காலியாக ஓடிய பஸ்கள்

1955-இல் அமெரிக்காவின் மாண்ட்கோமரி நகரத்தில் ஒரு கறுப்பினப் பெண் டவுன் பஸ் ஏறுவது எப்படித் தெரியுமா? முன்வாசலில் ஏறிப் பத்து சென்ட் காசைப் பெட்டியில் போட வேண்டும். பிறகு கீழே இறங்கி, பஸ்ஸை ஒட்டி நடந்துபோய்ப் பின்வாசலில் மறுபடி ஏறச் சொல்வார்கள். அதற்குள் டிரைவர் வண்டியை எடுத்துவிட்டால் காசும் போச்சு, பஸ்ஸும் போச்சு. உள்ளே முன்பக்கம் பத்து இருக்கைகள் வெள்ளையருக்கு. அவை காலியாகக் கிடந்தாலும் மற்றவர்கள் நின்றுகொண்டுதான் வர வேண்டும். அந்தப் பத்தும் நிரம்பி இன்னொரு வெள்ளையர் ஏறினால், பின்னால் இருக்கும் வரிசை முழுவதும் காலியாக வேண்டும். ஒரே வரிசையில் இரு நிறத்தவரும் உட்காரக் கூடாது என்பதால் ஒருவர் உட்கார நான்கு பேர் எழுந்திருப்பார்கள்.

முப்பது வருஷத்துக்கும் மேல் விருதுநகர் பக்கம் அரசு பஸ்ஸில் கண்டக்டராக இருந்தவன் நான். காசு வாங்கிய பயணியை நடுரோட்டில் விட்டுவிட்டு வண்டியை எடுப்பது என் தொழிலில் மன்னிக்க முடியாத குற்றம். அதையே வழக்கமாக வைத்திருந்த ஊரையும், அந்த வழக்கத்தை முறித்த மனிதர்கள் நடமாடிய தெருக்களையும் பார்க்க வேண்டும் என்பது நெடுநாள் ஆசை. அட்லாண்டாவில் மகள் வீட்டில் தங்கியிருந்தபோது அது கைகூடியது. அங்கிருந்து காரில் இரண்டரை மணி நேரம். “காரிலேயே சுத்திப் பார்த்தா ஒண்ணும் புரியாதுப்பா. வழிகாட்டியோட நடந்து பார்க்கிற சுற்றுலா இருக்கு, அதுல போவோம்” என்றாள் மகள்.

அவள் சொன்னது சரி. மாண்ட்கோமரி அலபாமா மாநிலத்தின் தலைநகரம். ஆனாலும் ஆற்றங்கரையிலிருந்து சட்டமன்றக் கட்டடம் வரை ஏறக்குறைய ஒரு மைல்தான். வரலாறு நடந்த பல கட்டடங்கள் இப்போது அங்கே இல்லை. ஒரு பலகையோ கல்லோதான் மிச்சம். சொல்லித்தர ஆள் இல்லாவிட்டால் ஒரு மணி நேரத்தில் எல்லாவற்றையும் கடந்துபோய்விடலாம். எங்களை அழைத்துப்போனவர் அந்த ஊரிலேயே பிறந்து வளர்ந்த கறுப்பினப் பெண்மணி. ஒவ்வொரு இடத்திலும் முதலில் எங்களை நிற்கவைப்பார். அங்கே என்ன இருந்தது என்பதைச் சொல்லிவிட்டுத்தான் இப்போது இருப்பதைக் காட்டுவார்.

ஒரே சதுக்கத்தில் இரண்டு வரலாறு

நடை அலபாமா ஆற்றங்கரையில் தொடங்கியது. நீராவிப் படகிலும் ரயிலிலும் கொண்டுவரப்பட்ட அடிமைகளை அங்கிருந்து காமர்ஸ் தெரு வழியாக நடத்திக்கொண்டு போவார்கள். தெரு போய் முடிகிற இடம் கோர்ட் சதுக்கம். மனிதர்களை ஏலம் போட்டு விற்ற சந்தை அது. இப்போது நடுவில் 1885-இல் கட்டிய அழகான நீரூற்று இருக்கிறது. சதுக்கத்தின் ஓரத்தில் விண்டர் கட்டடம். அடிமை முறையைக் காப்பதற்காகப் பிரிந்துபோன தென்மாநிலங்களின் அரசு, சம்டர் கோட்டையைத் தாக்க அனுமதி தந்த தந்தியை 1861 ஏப்ரலில் இங்கிருந்துதான் அனுப்பியது. அமெரிக்க உள்நாட்டுப் போர் அதிலிருந்துதான் வெடித்தது.

அதே சதுக்கத்தில்தான் 1955 டிசம்பர் 1 மாலை, மாண்ட்கோமரி ஃபேர் என்ற பெரிய கடையில் தையல் வேலை முடித்து வந்த 42 வயது ரோசா பார்க்ஸ் பஸ் ஏறினார். வெள்ளையருக்காக இருக்கையை விட்டு எழ மறுத்துக் கைதானார். 2019-இல் அங்கே அவருக்கு ஆளுயரச் சிலை வைத்திருக்கிறார்கள். எல்லாரும் சிலையோடு படம் எடுத்துக்கொண்டிருந்தோம். வழிகாட்டி அம்மா எங்களைக் கொஞ்சம் தள்ளி நிற்கச் சொன்னார்: “சார், பக்கத்துல இருக்கிற இந்த நாலு கல்லையும் பாருங்க. வழக்கில் ஜெயிச்சது இவங்கதான்.”

ஆரிலியா ப்ரௌடர், க்ளாடெட் கால்வின், மேரி லூயிஸ் ஸ்மித், சூசி மெக்டொனால்ட். நான்கு பெண்களும் அதே ஊர் பஸ்களில் அவமதிக்கப்பட்டவர்கள். அவர்களில் கால்வின் 15 வயதுப் பள்ளி மாணவி. ரோசா பார்க்ஸுக்கு ஒன்பது மாதம் முன்பே, 1955 மார்ச் 2 அன்று, எழுந்திருக்க மறுத்துக் கைதானவர். சின்னப்பெண்ணை முன்னிறுத்த அன்றைய தலைவர்கள் தயங்கினார்கள். ஆனால் பஸ்ஸில் நிறப்பிரிவினை செல்லாது என்ற தீர்ப்பு வந்தது, ரோசா பார்க்ஸ் வழக்கில் அல்ல. இந்த நால்வரும் வாதிகளாக நின்ற ப்ரௌடர் எதிர் கேல் வழக்கில். சிறுமியாக இருந்தபோது கால்வின்மேல் பதிவான குற்றத்தை நீதிமன்றம் நீக்கியது 2021-இல்தான்.

ரோசா பார்க்ஸும் அன்று கால் வலித்து உட்கார்ந்துவிட்டவர் அல்ல. கறுப்பின மக்களின் உரிமைச் சங்கத்துடைய உள்ளூர்க் கிளைக்குப் பல வருஷம் செயலாளராக இருந்தவர். பின்வாசலில் ஏற மறுத்ததற்காக 1943-இல் அவரை இறக்கிவிட்ட அதே டிரைவர்தான் 1955-லும் எழுந்திருக்கச் சொன்னவர். உடன் இருந்த மூன்று பேர் எழுந்தார்கள், இவர் எழவில்லை. கைதான இடம் எம்பயர் தியேட்டர் வாசல். தியேட்டர் போய்விட்டது. அந்த இடத்தில் 2000-இலிருந்து ரோசா பார்க்ஸ் அருங்காட்சியகம் இருக்கிறது. உண்மையான பஸ் மிச்சிகனில் உள்ள ஹென்றி ஃபோர்ட் அருங்காட்சியகத்தில் இருப்பதால், இங்கே அந்தக் காலத்து பஸ் ஒன்றை நிறுத்தி, அன்று மாலை நடந்ததை அதன் ஜன்னல்களில் படமாக ஓட்டிக் காட்டுகிறார்கள்.

அந்த பஸ் முன்னால் நின்றபோது எனக்கு 1997 நினைவுக்கு வந்தது. எங்கள் மாவட்டத்துக்குப் புதிதாக ஒரு போக்குவரத்துக் கழகம் அமைத்து, அதற்கு வீரன் சுந்தரலிங்கம் பெயரை வைத்தது அரசு. ஒடுக்கப்பட்ட சமூகத்தில் பிறந்த அந்தப் போர்வீரன் பெயர் எழுதிய பஸ்ஸில் ஏற மாட்டோம் என்று சிலர் கிளம்பினார்கள். கலவரம் மூண்டது. கடைசியில் எல்லாக் கழகங்களிலிருந்தும் எல்லாத் தலைவர்கள் பெயரையும் எடுத்தார்கள். பஸ் என்பது டிக்கெட் எடுத்தவர் எல்லாரும் தோளோடு தோள் இடிக்க உட்காரும் இடம். அதனால்தான் சமத்துவத்தைப் பொறுக்க முடியாதவர்களின் கோபம் முதலில் அதன்மேல் பாய்கிறது. இது நான் பார்த்து அறிந்த உண்மை.

மக்களே நடத்திய போக்குவரத்துக் கழகம்

ரோசா பார்க்ஸ் கைதானதும் மாண்ட்கோமரியின் கறுப்பின மக்கள் பஸ்களைப் புறக்கணித்தார்கள். புறக்கணிப்பு என்றால் பஸ்ஸில் ஏறாமல் இருப்பது, அவ்வளவுதான் என்று நினைத்திருப்போம். வேலைக்குப் போக வேண்டிய பல்லாயிரம் பேரைத் தினமும் கொண்டுபோய்க் கொண்டுவருவது எத்தனை பெரிய காரியம் என்று பஸ் தொழிலில் இருந்தவர்களுக்குத் தெரியும். மாண்ட்கோமரி பஸ் பயணிகளில் ஏறக்குறைய முக்கால்வாசிப் பேர் கறுப்பினத்தவர். அத்தனை பேருக்கும் மாற்று வழி வேண்டும்.

ரோசா பார்க்ஸ் கைதான அன்று இரவே ஜோ ஆன் ராபின்சன் என்ற கல்லூரி ஆசிரியை, தன் கல்லூரி நகலச்சு எந்திரத்தில் விடிய விடிய ஆயிரக்கணக்கான துண்டறிக்கைகள் அடித்தார். காலையில் மாணவர்களை வைத்து ஊர் முழுக்க விநியோகித்தார். டிசம்பர் 5 திங்கட்கிழமை பஸ்கள் காலியாக ஓடின. அன்று ரோசா பார்க்ஸுக்கு விதித்த அபராதம் 10 டாலர், கோர்ட் செலவு 4 டாலர். அன்று இரவு ஹோல்ட் தெரு தேவாலயத்தில் கூடிய மக்கள் புறக்கணிப்பைத் தொடர முடிவு செய்தார்கள். புறக்கணிப்பை நடத்த உருவான புதிய சங்கத்துக்குத் தலைவராக 26 வயதுப் போதகர் ஒருவரைத் தேர்ந்தெடுத்திருந்தார்கள். அவர் மார்ட்டின் லூதர் கிங். முதலில் வைத்த கோரிக்கைகள் மிகச் சாதாரணமானவை: மரியாதையாக நடத்துங்கள், முதலில் வருபவர் முதலில் உட்காரட்டும், கறுப்பினத்தவர் அதிகம் வாழும் தடங்களில் கறுப்பின டிரைவர்களை நியமியுங்கள். அதற்கே நகராட்சி மறுத்துவிட்டது. வழக்கு பிறகுதான் வந்தது.

முதலில் கறுப்பின டாக்சிக்காரர்கள் பஸ் கட்டணமான பத்து சென்ட்டுக்கே ஆள் ஏற்றினார்கள். டாக்சிக்குக் குறைந்தது 45 சென்ட் வாங்க வேண்டும் என்ற விதியைக் காட்டி நகராட்சி அதைத் தடுத்தது. உடனே சொந்தக் கார் வைத்திருந்தவர்கள் முன்வந்தார்கள். சுமார் 300 கார்கள், ஏற்றுமிடம், இறக்குமிடம், நேர அட்டவணை என்று ஒரு முழுப் போக்குவரத்து உருவானது. தேவாலயங்கள் தங்கள் பெயரிலேயே பெரிய ஸ்டேஷன் வேகன் வண்டிகளை வாங்கி விட்டன. அப்படி ஒன்று அருங்காட்சியகத்தில் நிற்கிறது. அதன் கதவருகே நான் வெகுநேரம் நின்றேன். காக்கிச்சட்டை போடாத ஒரு டிரைவர், சம்பளம் இல்லாமல், போலீஸ் எங்கே மடக்குமோ என்ற பயத்தோடு அதில் எத்தனை டிரிப் அடித்திருப்பார்! எதிர்த்தவர்கள் கார்களின் காப்பீட்டை ரத்து செய்ய வைத்தார்கள். சங்கம் லண்டன் லாய்ட்ஸில் காப்பீடு எடுத்தது.

பெட்ரோலுக்குக் காசு? ஜார்ஜியா கில்மோர் என்ற சமையல்காரப் பெண் தோழிகளைச் சேர்த்துக்கொண்டு கோழி வறுத்தும் கேக் செய்தும் விற்றுப் பணம் கொடுத்தார். வெள்ளையர் வீடுகளில் வேலை பார்த்த பெண்கள் மாட்டிக்கொள்ளக் கூடாது என்று, பணம் எங்கிருந்து வந்தது என்று யார் கேட்டாலும் ‘எங்கிருந்தும் இல்லை’ என்று சொல்லும்படி தங்கள் குழுவுக்கே அந்தப் பெயரை வைத்தார். கிங்குக்கு ஆதரவாகச் சாட்சி சொன்னதால் கில்மோரின் வேலை போனது. அவர் தன் வீட்டிலேயே உலை வைத்தார்; அந்தச் சமையலறை போராட்டக்காரர்கள் கூடும் இடமானது.

1956 நவம்பர் 13 அன்று ஒரே நாளில் இரண்டு தீர்ப்புகள் வந்தன. பஸ்ஸில் பிரிவினை செல்லாது என்பதை உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. கார் ஏற்பாட்டை நடத்தக் கூடாது என்று உள்ளூர் நீதிமன்றம் தடை போட்டது. உச்ச நீதிமன்றத்தின் ஆணை ஊருக்கு வந்து சேர்ந்தது டிசம்பர் 20-இல். இடைப்பட்ட ஒரு மாதத்துக்கு மேல் கார் வரிசையும் இல்லை. ஜெயித்த பிறகும் பஸ்ஸில் ஏறாமல், காலையிலும் மாலையிலும் குளிரில் நடந்தே போய் வந்தார்கள். எல்லாம் சேர்த்து 381 நாள்.

தேவாலயத்திலிருந்து சட்டமன்றப் படி வரை

சவுத் கோர்ட் தெருவில் பழைய கிரேஹவுண்ட் பஸ் நிலையம் இருக்கிறது. நீதிமன்றம் தடை செய்த பின்பும் தொடர்ந்த பிரிவினையை எதிர்த்து, மாநிலம் விட்டு மாநிலம் பஸ்ஸில் வந்த இளைஞர்களை 1961 மே 20 அன்று ஒரு கும்பல் இங்கே அடித்து நொறுக்கியது. அவர்களில் ஒருவர் பின்னாளில் நாடாளுமன்ற உறுப்பினரான ஜான் லூயிஸ். கட்டடம் இப்போது அருங்காட்சியகம். அதன் சுவரில் செங்கல் வைத்து அடைத்த ஒரு கதவின் தடம் தெரிகிறது. கறுப்பினத்தவர் மட்டும் நுழையும் வழி அது. கை வைத்துப் பார்த்தேன். சுவரோடு சுவராகப் பூசி மறைத்துவிடாமல் அந்தத் தடத்தை விட்டுவைத்தது நல்ல காரியம்.

டெக்ஸ்டர் அவென்யூவில் மேட்டை நோக்கி நடந்தால் கிங் 1954 முதல் 1960 வரை போதகராக இருந்த சிவப்புச் செங்கல் தேவாலயம். 1959-இல் இந்தியாவுக்கு வந்து, சென்னை, கன்னியாகுமரி எல்லாம் பார்த்துத் திரும்பிய கிங், அந்த மார்ச் மாதம் குருத்தோலை ஞாயிறன்று காந்தியைப் பற்றிப் பிரசங்கம் செய்தது இங்கேதான். அவர் குடும்பத்தோடு இருந்த வீடு சவுத் ஜாக்சன் தெருவில், கொஞ்ச தூரம் தள்ளி. 1956 ஜனவரி 30 இரவு அதன் திண்ணையில் வெடிகுண்டு விழுந்தது. மனைவி கொரெட்டாவும் கைக்குழந்தையும் உள்ளே இருந்தார்கள், தப்பினார்கள். ஆத்திரத்தோடு கூடிய மக்களை, அதே திண்ணையில் நின்று, ஆயுதத்தை எடுக்காதீர்கள் என்று சொல்லி வீட்டுக்கு அனுப்பினார் கிங்.

தேவாலயத்துக்கு எதிரே, கூப்பிடு தூரத்தில் சட்டமன்றம். 1861-இல் பிரிந்துபோன தென்மாநிலங்களின் அரசுத் தலைவராக ஜெஃபர்சன் டேவிஸ் பதவியேற்ற இடத்தை ஒரு நட்சத்திரம் பதித்துக் குறித்திருக்கிறார்கள். வாக்குரிமை கேட்டு செல்மாவிலிருந்து 54 மைல் நடந்து வந்தவர்கள், சுமார் 25,000 பேராகப் பெருகி, 1965 மார்ச் 25 அன்று சட்டமன்றப் படிகளின் அடியில்தான் நின்றார்கள். ஐந்து மாதம் கூட ஆகவில்லை, ஆகஸ்டில் வாக்குரிமைச் சட்டம் வந்தது.

போக நினைப்பவர்களுக்கு இரண்டு யோசனை. கோடையில் வெயில் நம் ஊர் போலவே அடிக்கும், அதனால் காலை நடையைத் தேர்ந்தெடுங்கள். தேவாலயத்துக்குள் போக முன்பதிவு செய்துகொள்ளுங்கள். நேரம் இருந்தால், கும்பல் கொலைக்கு இரையானவர்களுக்காக 2018-இல் திறந்த நினைவிடத்தையும் பாருங்கள். மாவட்டத்துக்கு ஒன்றாக 800-க்கும் மேற்பட்ட இரும்புத் தூண்கள், அவற்றில் பெயர்கள்.

பிள்ளைகளுக்கு இந்தக் கதையை நாம் ரோசா பார்க்ஸ் எழ மறுத்த அந்த நொடியோடு முடித்துவிடுகிறோம். அது அவருக்கும் நியாயமில்லை, மற்றவர்களுக்கும் நியாயமில்லை. அவருக்கு முன்னால் 15 வயதில் துணிந்த கால்வினைச் சொல்லுங்கள். துண்டறிக்கை அடித்த ஆசிரியையையும் கோழி வறுத்து விற்ற கில்மோரையும் சொல்லுங்கள். தங்கள் கார்களைக் கொடுத்த பெயர் தெரியாத டிரைவர்களையும், கார் இல்லாத கடைசி மாதத்தில் நடந்த ஜனங்களையும் சொல்லுங்கள். ஒருவர் துணிச்சல் ஒரு நாளைத்தான் மாற்றும். அதற்கு அடுத்த நாளிலிருந்து யார் வண்டி ஓட்டுவது, யார் சமைப்பது, யார் கணக்கு வைப்பது என்று உட்கார்ந்து பேசிப் பிரித்துக்கொண்டவர்கள்தான் சட்டத்தை மாற்றினார்கள்.