கைவிளையாட்டுப் பொறியும் அதன் பூட்டும்

ஏர் வாங்கிய உழவன் அதன் கொழுவைத் தன் நிலத்திற்கேற்ப மாற்றிக்கொள்கின்றான். தையற்பொறி வாங்கியவள் தனக்குப் பிடித்த நூலைக் கோத்துத் தைக்கின்றாள். “எம்மிடம் வாங்கிய நூலையன்றிப் பிற நூலைக் கோத்தல் கூடாது” என்று தையற்பொறி தானே மறுத்து நிற்குமாயின், அதனைப் பொறியென்போமா, காவற்காரன் என்போமா? இங்ஙனம் மறுத்து நிற்கும் பொறிகள் இந்நாளில் பல உள. அவற்றுள் ஒன்று, இளைஞர் கையில் ஏந்தி ஆடும் கைவிளையாட்டுப் பொறி. அதன் பூட்டின் இயல்பு யாது, அதனுள் நம் விருப்பத்திற்கேற்ற நிரலை ஏற்றுதல் எவ்வாறு, அதில் முறை எது, முறைகேடு எது என்பவற்றை ஒருவாறு விளக்குதலே இக்கட்டுரையின் நோக்கம்.

பொறியை ஆக்கிய நிறுவனத்தின் இசைவு முத்திரை பெறாமல், ஆர்வலர் தாமே எழுதி ஏற்றும் நிரல்களை ஹோம்புரூ என்பர். வீட்டிலே வடித்தது என்பது அதன் நேர்ப்பொருள். பெயரைக் கேட்டு நம் விடுதிக் கண்காணிப்பாளர் ஐயுற வேண்டா. இங்கே வடிக்கப்படுவது நிரலேயன்றிப் பிறிதன்று.

இவ்விஷயம் ஓசூர், கிருஷ்ணகிரி வட்டாரத்தாராகிய நமக்குப் பெரிதும் உரியது. சிப்காட் வளாகங்களின் வாயிலில் முறைநேரம் மாறும்பொழுது வெளிவரும் கூட்டத்தில் நம் உறவினர் இல்லாத நாளில்லை. வண்டியும் கடிகாரமும் இங்கே பிறக்கின்றன. அவற்றை வரைந்து வகுக்கும் பொறியாளரும் இங்குளர். ஆயினும், கைப்பேசி போன்ற நுண்பொருள்களின் உறுப்புக்களை நம்மவர் கைகள் செய்ய, அவற்றின் வரைபடமும் நிரலும் கடல் கடந்த நாட்டிலே பூட்டி வைக்கப்பட்டுள்ளன. செய்யும் கை நம்முடையது. திறக்கும் சாவி பிறருடையது. ஆதலின், ஒரு சிறு பொறியின் பூட்டைப் பற்றியேனும் அறிந்துகொள்ளுதல் நமக்கு வீண்வேலை ஆகாது.

2004ஆம் ஆண்டு: இரு பொறிகள்

கிருஷ்ணகிரி தருமபுரியினின்று பிரிந்து தனி மாவட்டமானது 2004ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களில். அவ்வாண்டிலேயே கையடக்கப் பொறிகள் இரண்டு உலகிற்கு வந்தன.

முதலாவது, நமக்குச் சுமார் 40 கிலோமீட்டர் தொலைவிலுள்ள பெங்களூரில் பிறந்த சிம்பியூட்டர். இந்திய அறிவியற் கழகப் பேராசிரியர் சிலரும் என்கோர் என்னும் நிறுவனத்தாரும் கூடி, எளியோர்க்கும் பயன்படும் கைக்கணினியாக அதனை வகுத்தனர். 2004ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களில் அமிடா என்னும் பெயரால் அது விற்பனைக்கு வந்தது. லினக்ஸ் என்னும் திறந்த நிரலே அதனை ஆண்டது. அதன் உள்ளமைப்பின் வரைபடத்தையும் உரிய விதிகளுக்கு உட்பட்டுப் பிறர் பயன்படுத்தலாம் என விட்டனர். பொறியைச் சாய்த்தால் அச்சாய்வை உணரும் கருவியும் அதனுள் இருந்தது. வணிகத்தில் அது பெருவெற்றி காணவில்லை. எனினும் வாங்கியவனைப் பார்த்து, ‘உள்ளே வா’ என்றது.

இரண்டாவது, 2004 டிசம்பரில் ஜப்பானில் ஸோனி நிறுவனம் வெளியிட்ட பிளேஸ்டேஷன் போர்ட்டபிள், சுருக்கமாக பி.எஸ்.பி. என்பர். 4.3 அங்குலத் திரை, நொடிக்கு 333 மில்லியன் துடிப்பு வரை செல்லும் செயலி, 32 மெகாபைட்டு நினைவகம் (பின்வந்த வகைகளில் 64) ஆகியன அச்சிறு உடலில் அடங்கியிருந்தன. திறத்தில் மிக்கது, ஆனால் வாங்கியவனைப் பார்த்து, ‘வெளியே நில்’ என்றது. கோடிக்கணக்கில் விற்பனையானதும் அதுவே. 2014ஆம் ஆண்டளவில் அதன் உற்பத்தி முடிந்தது; 2021 ஜூலையில் அப்பொறியிலிருந்தே விளையாட்டுக்களை விலைக்கு வாங்கும் வசதியும் நின்றது. ஆகவே, பழம்பொருட் கடைகளிற் கிடக்கும் இப்பொறிகள் இன்று உயிர்வாழ்வது பெரும்பாலும் ஹோம்புரூவினாலேயே.

பூட்டின் இயல்பு

இப்பொறியில் நாம் எழுதிய நிரலை அப்படியே இட்டால் அது இயங்காது. “சிதைந்த தரவு” என்று பட்டியலில் எழுதிக் காட்டும். அல்லது 80020148 என்னும் பிழையெண்ணைக் காட்டி மறுக்கும். நிரல் சிதையவில்லை, அதில் நிறுவனத்தின் முத்திரை இல்லை என்பதே அதன் பொருள்.

முத்திரை என்பது ஈண்டு மெழுகன்று, கணக்கு. நிறுவனம் தன்னிடமுள்ள இரகசிய எண்ணாகிய சாவியைக் கொண்டு நிரலுக்கு ஒரு கணக்கினைச் செய்து, விடையை உடன் எழுதியனுப்புகின்றது. பொறி அவ்விடையைச் சரிபார்த்த பின்னரே நிரலை இயக்கும். சாவியில்லாதவன் சரியான விடையை எழுதல் அரிது.

எனினும், மனிதன் பூட்டிய பூட்டில் மனிதனின் தவறும் இருக்கும். இதே நிறுவனத்தின் பெரிய பொறியாகிய பிளேஸ்டேஷன் 3இன் முத்திரைக் கணக்கில், ஒவ்வொரு முறையும் புதிதாக ஓர் எண்ணை எழுந்தவாறு தேர்ந்து சேர்த்தல் வேண்டும். நிறுவனமோ எப்பொழுதும் ஒரே எண்ணைச் சேர்த்துவந்தது. சாவி ஒன்று, சேர்க்கும் எண் ஒன்று, ஆக அறியாதவை இரண்டு. முத்திரை ஒவ்வொன்றும் ஒரு சமன்பாடு. எண் மாறிக்கொண்டே யிருப்பின், சமன்பாடு பெருகப் பெருக அறியாதவையும் பெருகும், விடை அகப்படாது. எண் மாறாதிருப்பின், இரண்டு முத்திரைகளே போதும். அறியாதவை இரண்டையும் பள்ளி மாணவனும் கண்டுபிடித்துவிடுவான். 2010ஆம் ஆண்டு டிசம்பரில் பெர்லின் நகரில் நிகழ்ந்த கணினி ஆர்வலர் மாநாட்டில் இத்தவறு வெளிப்படுத்தப்பட்டது. அப்பெரிய பொறி சிறிய பொறியின் சில விளையாட்டுக்களையும் ஆடவல்லதாதலின், சிறியதற்குரிய சாவிகளும் அதனுட் கிடந்தன. 2011ஆம் ஆண்டின் தொடக்கத்தில் அவையும் வெளிப்பட்டன. அதுமுதல் ஆர்வலர் எழுதிய நிரலும் முத்திரை பெற்று இப்பொறியில் நுழையலாயிற்று.

நிரலை ஏற்றும் முறை

என் தமையனார் தொழிற்சாலை யொன்றில் பயிற்சியாளராயிருந்த முதலாண்டில், தம் ஊதியத்தில் மிச்சம் பிடித்து இப்பொறி யொன்றைப் பெங்களூரில் பழையதாக வாங்கினார். அதனை என்னிடம் ஒப்படைத்தபொழுது அவர் கூறியது ஒன்றே: “தொழிற்சாலையில் இயந்திரத்தைத் தொடுமுன் பட்டியலைப் படித்துக் குறியிடுவோம். நீயும் அப்படியே செய்.” அப்பட்டியலை இங்குத் தருகின்றேன்.

முதலாவது, பேட்டரியைப் பார்க்க. இப்பொறிகள் பழையன. உப்பிப் பருத்த பேட்டரியை ஒருபோதும் இடலாகாது. அது தீப்பற்றவும் கூடும். நல்ல பேட்டரியையும் முழுதும் மின்னேற்றிய பின்னரே வேலை தொடங்குக.

இரண்டாவது, பொறியினுள்ளிருந்து அதனை ஆளும் அடிப்படை நிரலின் எண்ணை அறிக. இதனை ஃபர்ம்வேர் என்பர். அமைப்புப் பட்டியலில் அவ்வெண் காணப்படும். நிறுவனம் இறுதியாக 2015இல் வெளியிட்டது 6.61 என்பதாம். எண் குறைந்திருப்பின் முதலில் இதற்கு உயர்த்திக்கொள்ளல் நன்று.

மூன்றாவது, மெமரி ஸ்டிக் என்னும் நினைவு அட்டையைப் பொறியிலேயே வடிவமைத்து, யுஎஸ்பி கம்பியால் கணினியோடு இணைக்க. அட்டையில் முன்னிருந்தவை வடிவமைத்தலால் அழியுமாதலின், அவற்றை முன்னரே படியெடுத்து வைத்தல் வேண்டும். அட்டையினுள் பி.எஸ்.பி. என்னும் உறையும், அதனுள் கேம், சேவ்டேட்டா முதலிய உறைகளும் இருக்கும்.

நான்காவது, ஆர்வலர் ஆக்கிய மாற்று ஃபர்ம்வேர்களுள் ஒன்றைத் தேர்ந்து, அதனுடன் வரும் அறிவுரையை ஒரு வரியும் விடாது படித்து, உரிய உறைகளில் இடுக. ஆர்க் என்பது அவற்றுள் ஒன்று. அதன் மூலநிரல் யாவர்க்கும் திறந்துள்ளது. விளையாட்டுப் பட்டியலினின்று அதனை ஒருமுறை இயக்கினால் பூட்டு நெகிழும். இந்நெகிழ்ச்சி நினைவகத்தில் மட்டுமே நிற்பது. பொறியை முழுதும் அணைத்தால் மறையும். மீண்டும் இயக்கினால் மீண்டும் வரும். தொடக்கத்தார்க்கு இதுவே ஏற்றது. தவறு நேர்ந்தாலும் அணைத்து எழுப்பினால் பழைய நிலை திரும்புமன்றோ?

ஐந்தாவது, வேண்டிய ஹோம்புரூ நிரலைக் கேம் உறையினுள் தனக்கென ஓர் உறையில் இடுக. அவ்வுறையைத் திறந்தவுடன் ஈபூட் என்னும் பெயருடைய கோப்பு காணப்படுதல் வேண்டும். சுருக்கிய கோப்பை விரிக்கும்பொழுது உறைக்குள் உறையாக இரட்டித்துவிடுதல் பலர்க்கும் நேரும் பிழை. அப்பொழுது பொறி அதனைக் காணாது.

அவசரத்தின் விளைவு

என் நண்பர் ஒருவர் இப்பட்டியலைப் பொருட்படுத்தவில்லை. நெகிழ்ச்சி நிலையாக நிற்றல் வேண்டுமென்று, மாற்று நிரலைப் பொறியின் உள்நினைவகத்திலேயே எழுத முற்பட்டார். பேட்டரியோ பழையது, எழுதி முடியுமுன் தெருவில் மின்சாரமும் நின்றது. அதன்பின் பச்சை விளக்கு எரிந்தது, திரை எழவில்லை. அவர் அன்றிரவு உண்ணவில்லை என்று அவர்தம் அன்னையார் பின்னர்க் கூறக் கேட்டேன்.

நல்வினையாக, அது இப்பொறியின் முதல்வகை. அவ்வகையில் பேட்டரியினுள்ளும் ஒரு சிறு நினைவகம் உண்டு. அதிலுள்ள தொடரெண்ணைக் குறித்தவோர் எண்ணாக மாற்றியமைத்தால், பொறி தன் உள்நினைவகத்தை விடுத்து, நினைவு அட்டையிலுள்ள நிரலைக் கொண்டு எழும். பழுதுபார்ப்போர்க்கென நிறுவனம் வைத்திருந்த இவ்வழியை ஆர்வலர் 2007இல் கண்டறிந்தனர். அவ்வாறு மாற்றிய பேட்டரி யொன்றைத் தேடிப் பெற்று, மூன்று வாரத்திற்குப்பின் அவர் பொறியை எழுப்பினோம். பின்வந்த வகைகள் பலவற்றிற்கு இவ்வழி இல்லை. ஆதலின், நிலையாக எழுதுமுன் நூறுமுறை எண்ணுக.

முறையும் முறைகேடும்

பூட்டைத் திறக்கலாமா என்று வினவுவார்க்கு, எதற்காக என்பதே முதல் விடை. நம் நாட்டின் 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52ஆம் பிரிவு, முறையாகப் பெற்ற நிரலை இழப்பினின்று காத்தற்பொருட்டுப் படியெடுத்தலையும், அதன் இயக்கத்தை ஆராய்தலையும், தனித்து ஆக்கிய நிரல் பிற நிரலோடு இயைந்து நடத்தற்கு வேண்டும் செய்தி எளிதிற் கிடையாதவிடத்து அதனை அறிய முயலுதலையும் உரிமை மீறலாகக் கருதுவதில்லை. 2012ஆம் ஆண்டுத் திருத்தத்தால் சேர்ந்த 65ஏ பிரிவோ, பிறர் உரிமையைக் கவரும் எண்ணத்தோடு தொழில்நுட்பப் பூட்டை உடைப்பார்க்கு இரண்டாண்டு வரை சிறையும் அபராதமும் விதிக்கின்றது. ஜூஜூவாடிக்கும் அத்திப்பள்ளிக்கும் இடையே மண் ஒன்றே. எல்லையை அறிவிப்பது பலகை. இங்கே அப்பலகை நம் எண்ணம். பிறர் உழைத்து ஆக்கிய விளையாட்டை விலைகொடாது இறக்கி ஆடுதற்குப் பூட்டைத் திறப்பவன் ஹோம்புரூக்காரன் அல்லன். ஆக்கியோரே இலவசமாக அளித்த விளையாட்டுக்கள் எத்தனையோ உள; அவற்றை ஆடுக. அவற்றினும் மேலானது, தானே ஒன்று எழுதுதல்.

நாமே எழுதுதல்

சி மொழியறிந்த மாணவன் இப்பொறிக்கு நிரல் எழுதலாம். அதற்கு வேண்டும் கருவித்தொகுதியை ஆர்வலர் இலவசமாக அளித்துள்ளனர். திரையில் ஒரு வரிக்கு 480 புள்ளி, வரிகள் 272. ஆகப் புள்ளிகள் 1,30,560. ஒவ்வொரு புள்ளியின் நிறத்திற்கும் 4 பைட்டு. நொடிக்கு 60 முறை இத்திரையை நிரப்புதல் வேண்டும். வகுப்பில் நினைவகம் என்றும் வேகம் என்றும் சொல்லாகக் கேட்டவை, இங்கே கைக்கெட்டும் பொருளாகின்றன.

எதனை எழுதுவது? 2009இல் ஹைதராபாத் நிறுவனமொன்று கபடி முதலிய நாட்டு விளையாட்டுக்களைத் தொகுத்து ‘தேசி அட்டா’ என இப்பொறிக்கு ஆக்கியது. நம் திண்ணைகளிற் கீறிய ஆடுபுலி ஆட்டமோ இன்னும் எளிது: புலி மூன்று, ஆடு பதினைந்து, நிற்கும் இடம் இருபத்துமூன்று. விதிகள் சிலவே, அவற்றை ஐயமறப் பொறிக்குச் சொல்லுதலே தேர்வு.

இன்னுமொன்று. இப்பொறியின் பட்டியலை ஜப்பானியம், ஆங்கிலம் முதலாகப் பல மொழிகளில் மாற்றி வைக்கலாம். அவற்றுள் தமிழ் இல்லை. நம் எல்லையில் வழங்கும் கன்னடமும் தெலுங்கும் உருதுவும் இல்லை. சென்ற கோடை விடுமுறையில் நான் எழுதிய முதல் நிரல் ஒரு விளையாட்டன்று. ‘வணக்கம்’ என்னும் ஐந்தெழுத்தைப் புள்ளி புள்ளியாக வரைந்து காட்டுவது, அவ்வளவே. இரவு முறை முடித்து வந்த தமையனாரிடம் அதனைக் காட்டினேன். தாம் ஆண்டுக்கணக்கில் கையில் வைத்து ஆடிய பொறி தம் மொழியில் பேசக் கண்டு, அவர் சிறிதுநேரம் ஒன்றும் கூறவில்லை. பின், “கீழே கன்னடத்திலும் எழுது, என்னோடு வேலை செய்யும் நண்பருக்குக் காட்டவேண்டும்” என்றார்.

தோழர்காள், பூட்டைத் திறப்பது ஒருநாள் வேலை. உள்ளே நுழைந்தபின் என்ன செய்வது என்பதே கற்கவேண்டியது. அதற்கு வேண்டுவன பழம்பொறி ஒன்றும், பொறுமையுமே. அவ்விரண்டும் நம் ஊரில் அரியன அல்ல.