மூட்டுவலியும் கருவிழிப் புண்ணும்: தம்பதிகள் தெரிந்துகொள்ள வேண்டியவை



சிங்கம்புணரி வட்டாரத்தில் தேங்காய் நார் உரிக்கும் இடத்திலும் கயிறு திரிக்கும் கொட்டகையிலும் வேலை செய்கிறவர்களுக்குக் கண்ணில் தூசி விழுவது புதிதல்ல. கண் சிவந்தால், "நார்த்தூசி பட்டிருக்கும், ரெண்டு நாள்ல சரியாப் போயிரும்" என்கிறோம். பிள்ளை பெற்று இரண்டு மூன்று மாதமான தாய்க்குச் சிவந்தால், "உடம்புச் சூடு" என்கிறோம். பல சமயம் சரியாகியும் விடுகிறது. ஆனால், காலையில் எழுந்ததும் விரல்களை மடக்க முடியாமல், மணிக்கட்டும் கணுக்களும் வீங்கி அவதிப்படுகிற ஒருவருக்குக் கண்ணும் சிவந்தால், அதைத் தூசி என்று விட்டுவிடக் கூடாது. ஏன் என்று சொல்கிறோம்.

கண்ணின் கறுப்புப் பகுதிக்கு மேலே, கைக்கடிகாரத்தின் கண்ணாடி போலத் தெளிவாக மூடியிருக்கிற படலம்தான் கருவிழி. அதில் புண் வந்து ஆறினால் வெள்ளையாகத் தழும்பு விழும். "கண்ணில் பூ விழுந்துவிட்டது" என்று நாம் சொல்வது அதைத்தான். பெரும்பாலான புண்கள் கிருமியால் வருகின்றன. 1994-ஆம் ஆண்டின் முதல் மூன்று மாதங்களில் மதுரை அரவிந்த் கண் மருத்துவமனைக்கு இப்படிப் புண்ணோடு வந்த 434 பேரை ஆராய்ந்தார்கள். மூன்றில் இரண்டு பங்குக்குக் கிட்டத்தட்டப் பேர், முதலில் கண்ணில் அடிபட்டவர்கள். பயிர்த் தாளோ, குச்சியோ, மண்ணோ பட்ட காயத்தில் கிருமியும் பூஞ்சையும் புகுந்துகொள்கின்றன.

இன்னொரு வகைப் புண் உண்டு. அதற்குக் கிருமி காரணம் அல்ல. நோயை எதிர்க்க வேண்டிய நம் உடம்பின் காவல் சக்தியே திசை மாறிச் சொந்த உடம்பைத் தாக்குகிறது. வேலியே பயிரை மேய்ந்த கதைதான். இது மூட்டைத் தாக்கும்போது முடக்குவாதம் என்கிறோம். அதே கோளாறு கருவிழியின் ஓரத்தையும் அரிக்கலாம்.

ஏன் ஓரத்தை? கருவிழியின் நடுவில் ரத்தக் குழாய் கிடையாது. இருந்தால் பார்வை தெளிவாக இராது. மெல்லிய குழாய்கள் வெள்ளை விழியும் கருவிழியும் சேருகிற விளிம்போடு நின்றுவிடும். வாய்க்காலில் வந்த குப்பையெல்லாம் கடைமடையில் தங்குவதுபோல, ரத்தத்தில் வருகிற கேடான பொருள்கள் அந்த விளிம்பில் தங்கி அழற்சியைக் கிளப்புகின்றன. அதனால் புண் பிறை நிலா வடிவில் ஓரத்தைச் சுற்றிக்கொண்டு போகும். படலம் மெலிந்துகொண்டே வந்து ஓட்டை விழவும் கூடும்.

கண் சிவக்கும், கூசும், நீர் வடியும், பார்வை மங்கும். சிலருக்குத் தாங்க முடியாத வலி. முடக்குவாதம் உள்ள சிலருக்கோ வலி அதிகம் தெரியாது. "வலிக்கலியே, அப்புறம் பாத்துக்கலாம்" என்று இருந்துவிடாதீர்கள். தாய்ப்பால், விளக்கெண்ணெய், இலைச்சாறு எதையும் கண்ணில் விடவேண்டாம். மருந்துக் கடையில் நீங்களாகக் கேட்டு வாங்குகிற ஸ்டீராய்டு சொட்டு மருந்து இன்னும் ஆபத்து. பூஞ்சைப் புண்ணாக இருந்தால் அது பூஞ்சையை வளர்த்துவிடும். கண் டாக்டர் முதலில் புண்ணிலிருந்து கொஞ்சம் சுரண்டியெடுத்துக் கிருமி இருக்கிறதா என்று பார்ப்பது இதற்காகத்தான். பிறகு ரத்தப் பரிசோதனை செய்து, காசநோய் உண்டா என்றும் பார்ப்பார்.

முடக்குவாதக்காரருக்கு விளிம்பில் புண் வந்தால், நோய் மூட்டோடு நிற்காமல் உள்ளே ரத்தக் குழாய்களையும் தாக்குகிறது என்று பொருள் கொள்ளலாம். கவனிக்காமல் விட்டால் கண்ணுக்கு மட்டுமல்ல, உயிருக்கும் ஆபத்து. எனவே சொட்டு மருந்து மட்டும் போதாது; உள்ளுக்கும் மருந்து சாப்பிட வேண்டும்.

குடும்பநலப் பிரசுரத்தில் கண்ணைப் பற்றி எழுதக் காரணமே இந்த உள்மருந்துதான். முடக்குவாதம் ஆண்களைவிடப் பெண்களுக்கு இரண்டு மூன்று மடங்கு அதிகம் வருகிறது. பிள்ளை பெறும் வயதிலும் வருகிறது. கர்ப்ப காலத்தில் பலருக்கு மூட்டுவலி தணியும். பிரசவமான சில வாரங்களில் அல்லது மாதங்களில் மறுபடி கிளம்பும். அந்தச் சமயத்தில்தான் நாம் "சூடு" என்று ஏமாறுகிறோம்.

மெத்தோட்ரெக்சேட் என்ற மாத்திரை இந்நோய்க்கு அதிகம் தரப்படுகிறது. சந்தை கூடுவதுபோல வாரத்துக்கு ஒரே நாள்தான் அதைச் சாப்பிட வேண்டும். தவறித் தினமும் சாப்பிட்டால் உயிருக்கே ஆபத்து. இதைச் சாப்பிடும்போது கரு உண்டானால் கலையலாம், குழந்தை ஊனமாகவும் பிறக்கலாம். தாய்ப்பால் கொடுப்பவர்களும் சாப்பிடக் கூடாது. ஆகவே மருந்து தொடங்கும்போதே நிரோத், காப்பர் டி போன்ற ஒரு தடுப்பு முறையைக் கிராம செவிலியரிடம் கேட்டு முடிவு செய்யுங்கள். நோய் கடுமையானால் தரப்படும் சைக்ளோபாஸ்பமைடு மருந்தோ, ஆண் பெண் இருவருடைய பிள்ளைப் பேற்றுச் சக்தியையும் குறைக்கக் கூடியது. கணவர் சாப்பிட்டாலும் அந்தக் காலத்தில் மனைவி கருத்தரிக்கக் கூடாது.

"அப்படின்னா எங்களுக்குப் பிள்ளையே கிடையாதா?" என்று பயப்பட வேண்டாம். நோய் அடங்கிய பிறகு, சில மாதம் முன்னதாகவே டாக்டரிடம் சொன்னால், கர்ப்பத்துக்கு ஒத்துவரும் வேறு மருந்துக்கு மாற்றித் தருவார். நாள் தள்ளிப்போனால் மெத்தோட்ரெக்சேட்டின் அடுத்த மாத்திரையைப் போடாமல் அன்றைக்கே டாக்டரைப் பாருங்கள். ஆனால் ஸ்டீராய்டு மாத்திரையை மட்டும் நீங்களாகத் திடீரென்று நிறுத்தக் கூடாது. மருமகள் மருந்து சாப்பிடுகிறாள் என்று தெரிந்தும் "இன்னும் விசேஷம் இல்லையா?" என்று நச்சரிக்கும் மாமியார்களுக்கு இதைக் கணவர்தான் எடுத்துச் சொல்ல வேண்டும்.

முடக்குவாதம் வந்தால் வாழ்க்கை முடிந்தது என்பதும் இல்லை. அரவிந்த் மருத்துவமனையை 1976-இல் 11 படுக்கைகளோடு தொடங்கிய டாக்டர் கோ. வெங்கடசாமி, பிரசவ மருத்துவராக விரும்பியவர். இளவயதிலேயே முடக்குவாதம் வந்து விரல்கள் கோணிவிட்டன. கண் மருத்துவத்துக்கு மாறி, அந்த விரல்களாலேயே ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட கண் அறுவைச் சிகிச்சைகள் செய்தார். 2006-இல் காலமானார்.

மூட்டுவலியோடு கண் சிவந்தால் அன்றைக்கே சிங்கம்புணரி அரசு மருத்துவமனைக்குப் போங்கள். அங்கிருந்து சிவகங்கை அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்கோ மதுரைக்கோ அனுப்பினால் தள்ளிப் போடாதீர்கள். கணவன் மனைவி இருவருமே போவது நல்லது. பழைய சீட்டு, சாப்பிடுகிற மாத்திரை அட்டை, கடைசியாகத் தூரமான தேதி ஆகிய மூன்றும் கையில் இருக்கட்டும்.