281 எபிசோடு... எழுதியது ஒரே ஒருவர்!

ஒரு சீரியலுக்கு இப்போதெல்லாம் எழுத்தாளர்கள் குழுவாக உட்கார்ந்து யோசிக்கிறார்கள். ஜெர்மனியின் புகழ்பெற்ற துப்பறியும் தொடரான 'டெரிக்' 1974 முதல் 1998 வரை ஓடியது. மொத்தம் 281 எபிசோடுகள். அத்தனைக்கும் திரைக்கதை எழுதியவர் ஒரே ஒருவர்தான்... ஹெர்பர்ட் ரைனெக்கர்! 'டெர் கொமிஸார்' என்ற இன்னொரு போலீஸ் தொடரின் 97 எபிசோடுகளும் அவர் எழுதியவையே.

டெரிக்கில் கார் சேஸிங், துப்பாக்கிச் சண்டையெல்லாம் குறைவு. மியூனிக் நகரத்துப் பணக்கார வீடுகளுக்குப் போய், பேசிப் பேசியே கொலையாளியை நெருங்குவார் டெரிக். கொன்றது யார் என்பதைவிட, கொன்றவர் அந்தக் குற்ற உணர்வோடு எப்படி நடமாடுகிறார் என்பதில்தான் ரைனெக்கருக்கு ஆர்வம். 100-க்கும் மேற்பட்ட நாடுகள் இந்தத் தொடரை வாங்கின.

சரி, ரைனெக்கரின் சொந்தக் கதை? அது கொஞ்சம் நெருடலானது. ஹிட்லர் ஆட்சியில் நாஜி இளைஞர் அமைப்பின் பத்திரிகைகளில் வேலை பார்த்தவர். போரின்போது வாஃபன் எஸ்.எஸ். படையின் செய்தியாளர். 1944-ல் வெளியான 'யுங்கே அட்லர்' என்ற பிரசாரப் படத்தின் திரைக்கதையிலும் அவருக்குப் பங்கு உண்டு. பத்தே வருடத்தில், ஹிட்லரை எதிர்த்த உளவுத்துறைத் தலைவர் கனாரிஸ் பற்றிய படத்துக்கு எழுதி, ஜெர்மன் திரைப்பட விருதும் வாங்கிவிட்டார்!

டெரிக்காக நடித்த ஹோர்ஸ்ட் டாப்பர்ட்டும் அதே வாஃபன் எஸ்.எஸ். படையில் இருந்தவர் என்பது 2013-ல்தான் வெளியே வந்தது. உடனே, இனி மறு ஒளிபரப்பு கிடையாது என்றது இசட்.டி.எஃப். சேனல். நடிகரின் கதைதான் ரகசியம். எழுத்தாளரின் கதை, தொடர் ஓடிய நாள்களிலேயே தெரிந்த விஷயம். அதற்காக அப்போது யாரும் தொடரை நிறுத்தவில்லை. ரைனெக்கர் 2007-ல், 92 வயதில் காலமானார்.