ஜாதிக்காய்க்காக ஒரு படையெடுப்பு

வாஸ்கோடகாமா 1498-ல் கோழிக்கோடு வந்தார் என்று தூக்கத்தில் கேட்டாலும் சொல்வோம். மிளகுக்காக வந்தார்கள், சரி. ஜாதிக்காய்க்காக என்ன செய்தார்கள் தெரியுமா தோழிகளே?

கைக்குழந்தைக்கு உரை மருந்தில் இழைத்துக் கொடுப்பாங்களே, அதே ஜாதிக்காய்தான். அந்தக் காலத்தில் அது இந்தோனேசியாவில் உள்ள பண்டா என்ற குட்டித் தீவுகளில் மட்டும்தான் விளைந்தது. பழத்துக்குள் கொட்டை, கொட்டையைச் சுற்றிச் சிவப்பு வலை மாதிரி ஜாதிபத்திரி. ஒரே பழத்தில் இரண்டு வாசனைப் பொருள்!

1512-ல் போர்ச்சுக்கீசியர் போனார்கள். பிறகு வந்த டச்சுக்காரர்கள், எங்களுக்கு மட்டும்தான் விற்கணும் என்று ஒப்பந்தம் போட்டார்கள். தீவு மக்களோ ஜாவாக்காரர்களுக்கும் ஆங்கிலேயருக்கும் விற்றார்கள். அவங்க மரம், அவங்க காய். இதில் என்ன தப்பு?

1621-ல் டச்சுக் கம்பெனியின் கவர்னர் ஜெனரல் கூன் பெரும் படையோடு வந்து இறங்கினார். ஊர்ப் பெரியவர்கள் 44 பேரை வெட்டிக் கொன்றார்கள். மலைக்கு ஓடியவர்கள் பட்டினியால் செத்தார்கள். மற்றவர்களைப் பிடித்து அடிமையாகக் கப்பலேற்றினார்கள். சுமார் 15,000 பேர் இருந்த இடத்தில் ஆயிரம் பேர்தான் மிஞ்சினார்களாம். அப்புறம் காய் பறிக்க ஆள் வேண்டுமே! வெளியிலிருந்து அடிமைகளைக் கொண்டு வந்தார்கள்.

பக்கத்தில் ருன் என்று ஒரு தீவு. மூன்று கிலோமீட்டர் நீளம் இருக்கும், அவ்வளவுதான். அதை ஆங்கிலேயர் தங்களுடையது என்றார்கள். 1667-ல் பிரேடா உடன்படிக்கையில் அது டச்சுக்காரர்களுக்குப் போனது. அமெரிக்காவில் டச்சுக்காரர்கள் இழந்த மன்ஹாட்டன் ஆங்கிலேயரிடமே நின்றது. இன்றைய நியூயார்க் அதுதான்! இரண்டு தீவிலும் குடியிருந்த சனங்களை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

1770-ல் பிரெஞ்சுக்காரர்கள் ஜாதிக்காய்க் கன்றுகளைத் திருட்டுத்தனமாக மொரீஷியசுக்குக் கொண்டு போனார்கள். இப்போது கேரளாவில்கூடக் காய்க்கிறது.