பஸ் முதலில், ரயில் பிறகு: பாரிமுனையிலிருந்து கிளாம்பாக்கம் வரை

தென் மாவட்டங்களிலிருந்து முதன்முதலாகச் சென்னைக்கு வந்தவர்களில் ஒரு தலைமுறையே பாரிமுனையில்தான் வந்து இறங்கியது. திருவள்ளுவர் போக்குவரத்துக் கழகத்தின் வெளியூர் பஸ்களும், பின்னாளில் அரசு விரைவுப் போக்குவரத்துக் கழகத்தின் பஸ்களும் 2002 வரை அங்குதான் நின்றன. எதிரே உயர் நீதிமன்றம், பின்னால் ஜார்ஜ் டவுன் கடைத்தெருக்கள். கொஞ்சம் நடந்தால் ஒரு பக்கம் கோட்டை ரயில் நிலையம், இன்னொரு பக்கம் கடற்கரை நிலையம். ராத்திரி முழுக்கப் பயணம் செய்து இறங்கிய ஒருவர் மூட்டையைத் தூக்கிக்கொண்டே மின்சார ரயிலுக்குப் போய்விடலாம்.

இந்த வசதி ஒரே நாளில் திட்டம் போட்டு வந்ததல்ல. துறைமுகமும் வணிகமும் இருந்ததால் கூட்டம் சேர்ந்தது. கூட்டம் இருந்த இடத்துக்கு வண்டிகள் வந்தன. 1895-ல் சென்னையில் மின்சார ட்ராம் ஓடத் தொடங்கியது. 1931-ல் கடற்கரை - தாம்பரம் மீட்டர் கேஜ் பாதையில் மின்சார ரயில் வந்தது. கம்பெனி நொடித்துப்போய் 1953-ல் ட்ராம் நின்றபோது, அந்தக் கூட்டத்தையும் பஸ்களே சுமக்க வேண்டியதாயிற்று. வேப்பேரியில் இருந்த ட்ராம் ஷெட் நிலம்தான் இன்றைய பெரியார் திடல். இருப்புப்பாதைகளையும் பெயர்த்துவிட்டார்கள். ஒரு நகரப் போக்குவரத்தின் தடயமே இல்லாமல் போக எவ்வளவு குறைந்த காலம் போதும் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை.

பாரிமுனையும் ஒருநாள் தாங்க முடியாத நிலைக்கு வந்தது. குறுகலான தெருக்கள், நூற்றுக்கணக்கான வெளியூர் பஸ்கள், நடுவில் தள்ளுவண்டிகள். 2002 நவம்பரில் கோயம்பேட்டில் புதிய பேருந்து நிலையம் திறக்கப்பட்டது. வெளியூர் வண்டிகள் அங்கே போயின, பாரிமுனையின் பிராட்வே நிலையம் மாநகரப் பஸ்களுக்கானதாகச் சுருங்கியது. அந்தப் பழைய நிலையத்தையும் பக்கத்திலுள்ள குறளகம் கட்டடத்தையும் இடித்துவிட்டு, 800 கோடி ரூபாய்க்கு மேல் செலவில் பல அடுக்கு வளாகம் எழுப்புவது இப்போதைய திட்டம்.

கோயம்பேட்டில் இடம் இருந்தது, ஒழுங்கு இருந்தது, ரயில்தான் இல்லை. மெட்ரோ அங்கே வந்து சேர்ந்தது 2015 ஜூனில். அதற்கு எட்டே ஆண்டுகளில், 2023 டிசம்பர் 30 அன்று, செங்கல்பட்டு மாவட்டத்தில் ஜி.எஸ்.டி. சாலை ஓரமாகக் கிளாம்பாக்கம் கலைஞர் நூற்றாண்டு பேருந்து முனையம் திறக்கப்பட்டது. சுமார் 88 ஏக்கர், ஏறத்தாழ 400 கோடி ரூபாய். ரயிலுக்காகப் பதின்மூன்று ஆண்டு காத்திருந்த கோயம்பேட்டிலிருந்து, ரயில் கிடைத்த சில ஆண்டுகளிலேயே தென் மாவட்டப் பஸ்கள் கிளம்பிவிட்டன.

கிளாம்பாக்கத்திலும் அதே கதைதான். செங்கல்பட்டுக்குப் போகும் மின்சார ரயில்கள் சாலைக்கு அந்தப் பக்கமே ஓடுகின்றன. ஆனால் முனையம் திறந்த அன்று அங்கே ரயில் நிலையம் கிடையாது. ஒரு பக்கம் வண்டலூர், மறுபக்கம் ஊரப்பாக்கம். நடுவில் ஓடும் ரயிலைப் பார்த்தபடி பயணி ஷேர் ஆட்டோவையோ மாநகரப் பஸ்ஸையோ தேட வேண்டியிருந்தது. சென்னைப் பெருநகர் வளர்ச்சிக் குழுமம் (சி.எம்.டி.ஏ.) தெற்கு ரயில்வேக்கு 20 கோடி ரூபாய் கொடுத்ததும், நிலையம் கட்டும் வேலை தொடங்கியதும், சாலையைத் தாண்டுவதற்கான ஆகாய நடைபாதையும் அதற்குப் பிறகு வந்தவை. குழந்தையோடும் வயதான பெற்றோரோடும் பொங்கலுக்கு ஊருக்குக் கிளம்புகிறவருக்கு அந்தக் கடைசி இரண்டு மூன்று கிலோமீட்டர்தான் முழுப் பயணத்திலும் கடினமானது.

இவ்வளவு செலவழிக்காமலே மக்கள் தாங்களாக உருவாக்கிக்கொண்ட ஒரு சந்திப்பும் இருந்தது: பெருங்களத்தூர். அங்கே மின்சார ரயிலை விட்டு இறங்கினால் ஜி.எஸ்.டி. சாலை. கோயம்பேட்டிலிருந்து வரும் தென் மாவட்டப் பஸ்கள் அங்கே நின்று ஆள் ஏற்றின. தீபாவளி சமயத்தில் நெரிசல் தாங்க முடியாதுதான். கூரை இல்லை, உட்கார இடமில்லை. ஆனாலும் புறநகர் மக்கள் கோயம்பேடு போகாமல் அங்கே காத்திருந்தார்கள். காரணம் எளிது: ரயிலும் பஸ்ஸும் பக்கத்தில் இருந்தன. புதிய முனையத்துக்கு இடம் தேடியவர்கள் முதலில் படித்திருக்க வேண்டிய பாடம் அந்தச் சாலையோரத்தில் இருந்தது.

பஸ்ஸும் ரயிலும் இப்படிச் சேராமல் போவது நம்மூருக்கு மட்டும் நேர்ந்ததல்ல. சான் பிரான்சிஸ்கோவில் 1939-ல் திறந்த டிரான்ஸ்பே முனையம் முதலில் ரயில்களுக்காகவே கட்டப்பட்டது. வளைகுடாப் பாலத்தின் கீழ்த்தளத்தில் மின்சார ரயில்கள் ஓடி வந்து அங்கே நின்றன. கார்கள் பெருகின, 1958-ல் ரயில் நின்றது, மறு ஆண்டு அது பஸ் நிலையமானது. நிலநடுக்கத்தைத் தாங்காது என்று 2010-ல் மூடி இடித்தார்கள். அதே இடத்தில் 2018-ல் எழுந்த புதிய முனையத்தின் அடியில் ரயிலுக்கென்று பெரும் கூடமே கட்டி வைத்திருக்கிறார்கள். பஸ்கள் மேலே ஓடத் தொடங்கியபோது அந்தக் கூடத்துக்குத் தண்டவாளம் வந்திருக்கவில்லை.

மாமல்லபுரத்தின் நிலை இன்னும் விசித்திரம். ஒரு காலத்தில் சென்னையிலிருந்து பக்கிங்காம் கால்வாய்ப் படகில் அங்கே போனார்கள். 1984-ல் உலகப் பாரம்பரியச் சின்னமான ஊருக்கு இன்றுவரை ரயில் கிடையாது. பெருங்குடியிலிருந்து மாமல்லபுரம், புதுச்சேரி வழியாகக் கடலூருக்குப் பாதை போடும் திட்டம் பல ஆண்டுகளாகப் பேச்சில் இருக்கிறது. ரயிலில் வருகிறவர் செங்கல்பட்டு ஜங்ஷனில் இறங்கி, திருக்கழுக்குன்றம் வழியாகச் சுமார் 30 கிலோமீட்டர் பஸ்ஸில் போக வேண்டும். இல்லாவிட்டால் தாம்பரத்தில் 515 எண் பஸ்ஸைப் பிடிக்க வேண்டும். செங்கல்பட்டுக்கும் மாமல்லபுரத்துக்கும் புதிய பேருந்து நிலையங்கள் கட்டும் பொறுப்பை சி.எம்.டி.ஏ. எடுத்திருக்கிறது. செங்கல்பட்டில் ரயிலை விட்டு இறங்குகிறவர் எத்தனை நிமிடத்தில் மாமல்லபுரம் பஸ்ஸில் உட்கார முடியும் என்ற கணக்கை, வரைபடத்தில் கடைகளுக்கும் வாகன நிறுத்தத்துக்கும் இடம் ஒதுக்கும் முன்பே போட்டுவிட வேண்டும்.