மண்ணுக்கடியில் மோனே, மலைக்கு அப்பால் புகைபோக்கி

தாமிர உருக்காலைத் தீவு கலைத் தீவான கதை: ஜப்பானின் நவோஷிமாவில் தனி வழிகாட்டியுடன் ஒரு நாள்

ஊனோ துறைமுகத்தை விட்டுப் படகு கிளம்பியதுமே பயணிகளில் பெரும்பாலோர் முன்பக்கத் தளத்துக்குப் போய்விட்டார்கள். எதிர்க்கரையில் நிற்கும் சிவப்புப் பூசணிக்காயை முதலில் படம் பிடிப்பது யார் என்று போட்டி. நானும் கேமராவை எடுத்தேன். என் வழிகாட்டி சற்றுத் தயங்கிவிட்டு, "நீங்கள் இடது பக்கம் வந்து நிற்க முடியுமா?" என்று கேட்டார்.

இடது பக்கம் அழகாக எதுவும் இல்லை. ஒரு பெரிய தொழிற்சாலை, உயரமான புகைபோக்கி, பின்னால் மரங்கள் அடர்த்தியில்லாத குன்றுகள். "இதுவும் நவோஷிமாதான். திரும்பும்போது இருட்டிவிடும். இப்போதே பார்த்துக்கொள்ளுங்கள்" என்றார். என் கையிலிருந்த பயண நிரலில் இப்படி ஒரு இடமே இல்லை.

ஜப்பானில் அருங்காட்சியகம் பார்க்க இவ்வளவு தூரம் வரவேண்டியதில்லை. டோக்கியோவின் யுயெனோ பூங்காவில் அடுத்தடுத்து நிற்கின்றன. அங்கே 1959இல் லெ கொர்புஸியே வடிவமைத்த மேற்கத்தியக் கலை அருங்காட்சியகம் சண்டீகரைப் பார்த்தவர்களுக்குச் சொந்தக்காரர் வீடு மாதிரி இருக்கும். நவோஷிமாவுக்கோ ஒஸாகாவிலிருந்து புல்லட் ரயிலில் முக்கால் மணி நேரம் ஒகயாமா வரை, அங்கிருந்து உள்ளூர் ரயிலில் ஏறத்தாழ ஒரு மணி நேரம், பிறகு படகில் 20 நிமிடம். சுமார் 3,000 பேர் வசிக்கும் தீவு. ஒரு படகைத் தவறவிட்டால் அன்றைய திட்டம் அத்தனையும் சரியும். ஆளை அமர்த்திக்கொண்டதற்கு முதல் காரணம் அதுதான்.

இரண்டாவது காரணத்தைச் சொல்லக் கொஞ்சம் வெட்கமாக இருக்கிறது. இருபது வருடங்களாக அடுத்தவர்களின் வாக்கியங்களை மொழிபெயர்த்துப் பிழைப்பவருக்கு, ஒரு நாளாவது தனக்கு யாராவது மொழிபெயர்த்துச் சொல்லமாட்டார்களா என்ற ஆசை இருக்காதா?

ஜப்பானிய மொழியில் இந்தத் தொழிலின் பெயரே 'மொழிபெயர்ப்பு வழிகாட்டி' என்றுதான் பொருள்படும். 1949இல் இதற்கென்று சட்டம் வந்தது. தேர்வெழுதி உரிமம் பெற்றவர்கள் மட்டுமே வெளிநாட்டவரிடம் கட்டணம் வாங்கிக்கொண்டு வழிகாட்டலாம் என்ற நிலை 2018 ஜனவரி வரை நீடித்தது. இப்போது யார் வேண்டுமானாலும் செய்யலாம். ஆனால் தேர்வு இருக்கிறது, உரிமத்துக்கு மரியாதையும் இருக்கிறது. என் வழிகாட்டி பள்ளியில் ஆங்கிலம் கற்பித்து ஓய்வு பெற்ற பிறகு அந்தத் தேர்வை எழுதியவர். அறுபதைத் தாண்டியவர். என்னைவிட வேகமாக நடந்தார்.

புறப்படுவதற்கு இரண்டு வாரம் முன்பு அவர் எழுதிய கடிதத்தில் மூன்று கேள்விகள். மேட்டில் நடக்க முடியுமா? காலணியைக் கழற்றி மாட்ட யாராவது உதவ வேண்டுமா? மீன் சாப்பிடுவீர்களா? மூன்றாவதற்கு 'இல்லை' என்று எழுதியதன் சிரமம் அங்கே போன பிறகுதான் புரிந்தது. நூடுல்ஸ் சூப்பின் அடிச்சாறே மீனில் செய்வது. அவர் முன்கூட்டியே ஒரு கடைக்குத் தொலைபேசியில் சொல்லி எனக்கென்று தனியாக வேகவைக்கச் செய்திருந்தார். நாள் கட்டணம் என் ஓட்டல் அறையின் வாடகையைவிட அதிகம். அவருடைய ரயில், படகு, நுழைவுச் சீட்டு, மதியச் சாப்பாடு எல்லாம் நம் செலவு. கூட்டமாகப் போகிறவர்கள் பங்கு போட்டுக்கொள்ளலாம். தனியாகப் போகிறவர் பணப்பையைத் தடவிப் பார்த்துக்கொள்ள வேண்டும்.

பேருந்து மாறும் இடத்தில், கடலுக்குள் நீண்ட சிறு துறையின் நுனியில், யாயோய் குசாமாவின் மஞ்சள் பூசணி. கறுப்புப் புள்ளிகள் வைத்த இது 1994இல் வந்தது. 2021 ஆகஸ்டில் புயல் இதைப் பெயர்த்துக் கடலில் தள்ளி உடைத்தது. 2022 அக்டோபரில் புதிதாகச் செய்து அதே இடத்தில் வைத்தார்கள். படம் எடுக்க வரிசை. நானும் நின்றேன், எடுத்தேன். அதற்கு மேல் அதைப் பற்றிச் சொல்ல ஒன்றுமில்லை.

சிச்சூ அருங்காட்சியகம் வேறு ஜாதி. 'சிச்சூ' என்றால் நிலத்துக்குள். கட்டடக் கலைஞர் டடாவோ அண்டோ குன்றைக் குடைந்து காங்கிரீட் அறைகளைப் புதைத்து, மேலே மண்ணை மூடிவிட்டார். வானத்திலிருந்து பார்த்தால் சதுரமும் முக்கோணமுமாகச் சில திறப்புகள் மட்டுமே தெரியும். 2004இல் திறக்கப்பட்ட இந்த இடத்தில் நிரந்தரமாக இருப்பவை மூன்றே கலைஞர்களின் ஒன்பதே படைப்புகள். நம்மூர் அருங்காட்சியகங்களில் ஒரு கண்ணாடி அலமாரியிலேயே இதைவிட அதிகம் இருக்கும்.

மோனேயின் அறை வாசலில் காலணியைக் கழற்றச் சொன்னார்கள். வழிகாட்டி என்னிடம் மெல்லிய குரலில், "உள்ளே நான் பேசமாட்டேன். எத்தனை நேரம் வேண்டுமானாலும் நில்லுங்கள்" என்றார். இத்தனைக்கும் பேசுவதற்காகத்தான் அவருக்குக் கட்டணம்.

உள்ளே மின்விளக்கு இல்லை. கூரை வழியாக இறங்கும் பகல் வெளிச்சம் மட்டும். தரை முழுக்க இரண்டு சென்டிமீட்டர் அளவுள்ள வெள்ளைப் பளிங்குக் கட்டைகள், ஏறத்தாழ 7 லட்சம். சுவர்களில் மோனே தன் கடைசிக் காலத்தில் வரைந்த அல்லிக்குள ஓவியங்கள் ஐந்து. எதிரே இருப்பதன் அகலம் ஆறு மீட்டர். நவம்பர் கடைசி, வானத்தில் மேகம் போய்க்கொண்டிருந்தது. மேகம் மூடியபோது குளம் சாம்பலும் ஊதாவுமாகக் கனத்தது. விலகியதும் அடியிலிருந்து ஒரு பச்சை எழுந்து வந்தது. ஓவியத்தை ஒரே பார்வையில் பார்த்து முடிக்க முடியாது என்று யாரோ சொன்னால் அது விமரிசகர்களின் வழக்கமான பேச்சு என்று நினைப்பேன். இங்கே அது வானிலை விஷயம். அரை மணி நேரம் நின்றிருப்பேன். யாராவது ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் கெட்டுப்போயிருக்கும்.

வெளியே வந்து, கடலைப் பார்த்த மேட்டில் உட்கார்ந்த பிறகு அவர் பேச ஆரம்பித்தார்.

படகில் நான் பார்த்த ஆலை மிட்சுபிஷியின் தாமிர உருக்காலை. 1917இல் இயங்கத் தொடங்கியது. தீவுக்கு அது வேலை கொடுத்தது, வரி கொடுத்தது. கூடவே கந்தகப் புகையையும் கொடுத்தது. வடக்குப் பகுதியின் மரங்கள் கருகின. தாமிர உருக்காலை என்று கேட்டதும் எனக்குத் தூத்துக்குடி ஞாபகம் வந்தது. 2018 மே மாதத்தில் அங்கே நடந்த துப்பாக்கிச்சூட்டில் 13 பேர் இறந்ததை அவரிடம் சொன்னேன். ஆலை என்ன ஆயிற்று என்று கேட்டார். அந்த மாதமே மூடிவிட்டார்கள் என்றேன். "இங்கே மூடவில்லை" என்றார். கட்டுப்பாடுகள் வந்தன, குன்றுகளில் மரம் நட்டுக்கொண்டே இருக்கிறார்கள். ஆலை இன்றும் ஓடுகிறது.

தீவின் தெற்குப் பாதி வேறு வழியில் போனது. 1959இல் ஊர்த் தலைவராகி 36 வருடம் பதவியில் இருந்த சிகட்சுகு மியாகே வடக்கைத் தொழிலுக்கும் தெற்கைப் பண்பாட்டுக்கும் ஒதுக்க விரும்பினார். ஒகயாமாவைச் சேர்ந்த கல்விப் பதிப்பாளர் டெட்சுஹிகோ ஃபுகுடாகேவை 1985இல் சந்தித்தார். உலகக் குழந்தைகள் வந்து தங்க ஒரு இடம் என்பது ஃபுகுடாகேயின் கனவு. அடுத்த வருடமே அவர் இறந்துவிட, மகன் சோய்ச்சிரோ வேலையைக் கையில் எடுத்தார். 1989இல் முகாம், 1992இல் அண்டோ கட்டிய அருங்காட்சியகமும் ஓட்டலும். குடும்ப நிறுவனத்தின் பெயர் பிற்பாடு பெனஸ்ஸே ஆயிற்று. குன்றின் மேல் நடந்த இந்தக் கோலாகலத்துக்கும் கீழே மீன்பிடிக் கிராமத்துக்கும் ஆரம்பத்தில் அதிகச் சம்பந்தமில்லை. சம்பந்தம் ஏற்பட்டது 1998இல், ஹோன்முராவில்.

ஹோன்முரா பழைய கிராமம். கறுக்கச் சுட்ட மரப்பலகைச் சுவர்கள், வாசலில் சாயத் துணித் திரைகள். இளைஞர்கள் நகரத்துக்குப் போனதால் காலியான வீடுகளைக் கலைஞர்களிடம் கொடுத்தார்கள். முதல் வீடு 'கடோயா'. சுமார் 200 வருடப் பழைய வீட்டின் இருட்டான கூடத்தில் தண்ணீர் நிரப்பி, டட்சுவோ மியாஜிமா 125 மின் எண்களை மிதக்கவிட்டிருக்கிறார். ஒவ்வொன்றும் ஒன்றிலிருந்து ஒன்பது வரை எண்ணி, திரும்ப ஒன்றுக்கு வருகிறது. பூஜ்யம் கிடையாது. ஓடும் வேகத்தைக் கலைஞர் தீர்மானிக்கவில்லை. சிறுவர் முதல் கிழவர் வரை, தீவுவாசிகள் 125 பேர் ஆளுக்கு ஒரு எண்ணின் வேகத்தைத் தங்கள் விருப்பப்படி வைத்தார்கள். சில எண்கள் படபடக்கின்றன. சில நகர்கின்றனவா என்றே தெரியவில்லை. அந்த 125 பேரில் எத்தனையோ பேர் இன்று உயிரோடு இருக்க மாட்டார்கள். அவர்களுடைய எண்கள் அதே வேகத்தில் ஓடிக்கொண்டிருக்கின்றன. மியூசியத்தில் கண் கலங்குகிற பழக்கம் எனக்கு இல்லை. இங்கே சற்று நேரம் தண்ணீரைப் பார்த்துக்கொண்டு நிற்க வேண்டியிருந்தது.

'மினமிதேரா' என்றால் தெற்குக் கோயில். கோயில் இருந்த இடத்தில் அண்டோ மரத்தில் ஒரு கட்டடம் எழுப்பியிருக்கிறார். உள்ளே அமெரிக்கக் கலைஞர் ஜேம்ஸ் டரெலின் இருட்டு. சுவரைத் தடவிக்கொண்டு போய் பெஞ்சில் உட்கார வேண்டும். கண்ணைத் திறந்தாலும் மூடினாலும் ஒன்றுதான். பல நிமிடங்கள் கழித்து எதிரே மங்கலாக ஒரு நீள்சதுரம் தெரிகிறது. யாரோ விளக்கைக் கூட்டினார்கள் என்றுதான் நினைத்தேன். இல்லை, அது முதலிலிருந்தே அங்கே இருந்தது. நம் கண்தான் தாமதம் என்று வெளியே வந்ததும் வழிகாட்டி சொன்னார்.

2025 மே 31 அன்று திறந்த நவோஷிமா புதிய அருங்காட்சியகத்துக்கு எங்களால் அரை மணி நேரமே கொடுக்க முடிந்தது. இதுவும் அண்டோவின் வேலை. ஆசியக் கலைஞர்களுக்கு முதலிடம் தரும் இதன் தொடக்கக் கண்காட்சியில் மைசூர் ஓவியர் என்.எஸ்.ஹர்ஷாவும் இடம் பெற்றார். ஒரே நாளில் எல்லாவற்றையும் பார்க்கலாம் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம். இரவு தங்குவதே மேல்.

துறைமுகத்தில் படகுக்குக் காத்திருந்தபோது அவரிடம் கேட்டேன்: காலையில் ஆலையைக் காட்டியது ஏன்? வருகிற எல்லோருக்கும் காட்டுவீர்களா?

எல்லோருக்கும் இல்லை, மொழிபெயர்ப்பவர் என்று நீங்கள் எழுதியிருந்தீர்கள் என்றார். பிறகு கிழக்கே கையைக் காட்டி, நான் கேட்காத ஒன்றைச் சொன்னார்.

அந்தப் பக்கம் இருப்பது தேஷிமா தீவு. அங்கே 1970களின் பிற்பகுதியிலிருந்து 1990 வரை ஒரு தனியார் நிறுவனம் தொழிற்சாலைக் கழிவுகளைச் சட்டவிரோதமாகக் கொட்டியது. நொறுக்கிய கார்களின் மிச்சம், கழிவு எண்ணெய், சேறு. திறந்தவெளியில் எரிக்கவும் செய்தார்கள். 1990இல் போலீஸ் சோதனை நடந்த பிறகும் குவியல் அங்கேயே கிடந்தது. தீவுவாசிகள் விடாமல் போராடி, 2000இல் சமரசம் ஏற்பட்டு, ககாவா மாநில ஆளுநர் அவர்களிடம் மன்னிப்புக் கேட்டார். ஆனால் குப்பையை எங்கே கொண்டுபோவது? நவோஷிமாவின் வடக்கே, உருக்காலைக்குப் பக்கத்தில் ஒரு சுத்திகரிப்பு ஆலை கட்டினார்கள். 2003 முதல் 2017 வரை கப்பல் கப்பலாகக் கொண்டுவந்து உருக்கினார்கள். சுமார் 9 லட்சம் டன்.

கணக்குப் போட்டுப் பார்த்தேன். சிச்சூ திறந்தது 2004. பதின்மூன்று வருடம், குன்றின் இந்தப் பக்கம் செருப்பைக் கழற்றிவிட்டு ஜனங்கள் அல்லிக்குளத்தைப் பார்த்துக்கொண்டிருக்க, அந்தப் பக்கம் பக்கத்துத் தீவின் விஷம் உலையில் உருகிக்கொண்டிருந்திருக்கிறது.

"அப்படியானால் இந்தக் கலையெல்லாம் அதை மூடி மறைக்கவா?" அவசரப்பட்டுக் கேட்டுவிட்டேன். அவருக்குக் கோபம் வரவில்லை. குப்பையை ஏற்றுக்கொண்டது இந்த ஊர், அது மறைக்கிற காரியம் இல்லை என்றார். தேஷிமாவிலும் 2010இல் ஓர் அருங்காட்சியகம் வந்தது. நீர்த்துளி வடிவில், தூண் இல்லாமல், தரையிலிருந்து தண்ணீர் ஊறுகிற மாதிரி. அதைப் பார்க்கப் போகிறவர்கள் இந்தக் கதையை அறியாமலே திரும்புவதுதான் தனக்குக் கஷ்டம் என்றார். உரிமத் தேர்வில் சரித்திரம் உண்டு, பூகோளம் உண்டு. இந்தக் கேள்வி அவருக்கு வரவில்லை.

எனக்கு முழுச் சமாதானம் ஆகவில்லை. பெரும் பணம் ஒரு தீவை அழகாக்கும்போது எந்தப் பாதி படத்தில் வருகிறது என்பதையும் அந்தப் பணமே முடிவு செய்கிறது. ஆனால் கடோயாவின் எண்களை நினைத்தால் இதையும் உறுதியாகச் சொல்ல முடியவில்லை.

படகு வந்தது. கட்டணத்தை உறையில் போட்டு இரண்டு கையாலும் கொடுத்தேன். அவர் இரண்டு கையாலும் வாங்கி, எண்ணிப் பார்க்காமல் பையில் வைத்தார். ஐந்து மணிக்கே நன்றாக இருட்டியிருந்தது. குளிருக்குப் பயந்து எல்லோரும் உள்ளே இருக்கையில் தூங்க ஆரம்பித்தார்கள். திரும்புகிற பயணத்தில் ஆலை வலது பக்கம் வரும். நானாகவே போய் வலது கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். புகைபோக்கி தெரியவில்லை, அதன் உச்சியில் ஒரு சிவப்பு விளக்கு மட்டும் விட்டுவிட்டு எரிந்தது. அவரும் வந்து பக்கத்தில் நின்றார். ஊனோவில் ரயிலுக்குப் பதினொரு நிமிடம்தான் இருக்கும், இறங்கியதும் வேகமாக நடக்க வேண்டும் என்றார்.